பி. ரம்லி: எழுதி, இயக்கி, நடித்து, பாடிய ஒருவரைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சிங்கப்பூரில் தமிழ் மேடைக்கும் தொலைக்காட்சிக்கும் நாடகம் எழுதிவருகிறேன். புதிதாக எழுத வரும் பிள்ளைகளுக்கு அவ்வப்போது திரைக்கதை வகுப்பும் எடுப்பதுண்டு. முதல் வாரமே பி. ரம்லியின் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்றைப் போட்டுவிடுவேன். மலாய்ப் படம் பார்க்கவா வந்தோம் என்று சிலர் முகத்தைச் சுளிப்பார்கள். படம் முடிந்ததும் அதே பிள்ளைகள்தான் கேள்விகளோடு வந்து நிற்பார்கள். திரும்பத் திரும்ப வரும் கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதிவைக்கிறேன்.

பி. ரம்லி யார்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

1929 மார்ச் 22ல் பினாங்கில் பிறந்தவர். இயற்பெயர் தெவுக்கு சக்கரியா. தந்தை இந்தோனேசியாவின் ஆச்சே பகுதியிலிருந்து வந்த கடலோடி, பெயர் தெவுக்கு ஞாக் புத்தே. அந்தப் 'புத்தே'யின் முதலெழுத்துதான் பெயருக்கு முன்னால் நிற்கும் 'பி'. தகப்பன் பெயரின் முதலெழுத்தை முன்னால் போட்டுக்கொள்வது நம் வழக்கமும்தான் என்பதால், சின்ன வயதில் அவரைத் தமிழர் என்றே நினைத்திருந்தேன். 66 படங்களில் நடித்தார். 34 படங்களை இயக்கினார், அவற்றில் 16 சிங்கப்பூரில் எடுக்கப்பட்டவை. கதை, திரைக்கதை, வசனம், இசை, பாட்டு எல்லாவற்றிலும் அவர் கை இருந்தது. 1973 மே 29ல் கோலாலம்பூரில் மாரடைப்பால் இறந்தபோது அவருக்கு வயது 44.

தமிழில் எழுதப் போகிறவர்கள் இவரிடம் கற்க என்ன இருக்கிறது?

நாம் எழுதுவது சின்னச் சந்தைக்கு. பணம் குறைவு, நாள் குறைவு, நடிக்க வருபவர்களும் குறைவு. சென்னைப் படத்தைப் பார்த்து அதே அளவில் யோசித்தால் நாலாவது பக்கத்திலேயே கை நின்றுவிடும். ரம்லிக்கும் இருந்தது இதே நெருக்கடிதான். மாதச் சம்பளம், குறித்த நாளுக்குள் முடிக்க வேண்டிய படப்பிடிப்பு, ஒரே மூன்று நாலு செட்டுகள், திரும்பத் திரும்ப அதே நடிகர்கள். அதற்குள் இருந்துகொண்டே நகைச்சுவை, குடும்பக் கதை, சரித்திரம், பேய், நாட்டுப்புறக் கதை என்று ஒவ்வொன்றாகச் செய்து பார்த்தார். அவருடைய பன்முகத் திறமையைப் பிறவி வரம் என்று சொல்லிவிட்டால் நமக்குக் கற்க ஒன்றும் மிஞ்சாது. ஸ்டுடியோவின் ஒவ்வொரு மூலையிலும் நின்று வேலை பார்த்துக் கற்றுக்கொண்டவர் அவர். எனக்கு அவரிடம் பிடித்ததே அதுதான்.

சிங்கப்பூருக்கு எப்படி வந்தார்?

பாடகராக வந்தார். 1948ல் புக்கிட் மெர்த்தாஜாமில் ஒரு மேடையில் பாடிக்கொண்டிருந்த இளைஞரை இயக்குநர் பி. எஸ். ராஜ்ஹன்ஸ் பார்த்தார். ஷா சகோதரர்களின் மலாய் ஃபிலிம் புரொடக்‌ஷன்ஸ் அப்போது பாலஸ்டியர் சாலையை ஒட்டிய ஜாலான் அம்பாஸில் இயங்கிவந்தது. ராஜ்ஹன்ஸின் அழைப்பை ஏற்று அதே ஆண்டு இங்கே வந்து சேர்ந்தார். முதல் படமான 'சிந்தா'வில் வில்லன் வேடம், கூடவே பின்னணிப் பாட்டு.

அந்த ஸ்டுடியோவில் நம்மவர்கள் இருந்தார்களாமே, உண்மையா?

உண்மை. இந்தக் கேள்விக்கு மட்டும் கொஞ்சம் நீளமாகவே பதில் சொல்வேன், ஏனென்றால் நம் வீடுகளில் இந்தக் கதை சொல்லப்படுவதே இல்லை.

ஜாலான் அம்பாஸில் முதல் பத்தாண்டுகள் இயக்குநர் நாற்காலியில் இருந்தவர்கள் பெரும்பாலும் இந்தியர்கள். ராஜ்ஹன்ஸ் ஒருவர். சென்னையில் பிறந்து மலாயாவில் வளர்ந்த எல். கிருஷ்ணன் இன்னொருவர். ரம்லிக்கு முதன்முதலாகக் கதாநாயகன் வேடம் கொடுத்தவர் அவரே. 1950ல் வந்த அந்தப் படத்தின் பெயர் 'பக்தி'. மலாயில் அந்தச் சொல்லுக்குச் சேவை, கடமை என்ற பொருளும் உண்டு. எஸ். ராமநாதன், கே. எம். பாஸ்கர், பி. என். ராவ் என்று பட்டியல் நீளும். வங்காளத்திலிருந்து வந்த பணி மஜும்தார் 1956ல் மலாய்ப் பழங்கதை வீரன் 'ஹாங் துவா'வின் கதையை வண்ணப் படமாக எடுத்தார், தலைப்புப் பாத்திரத்தில் ரம்லி நடித்தார்.

அந்தத் தளத்தை மனக்கண்ணில் கொண்டுவந்து பாருங்கள். முதலாளிகள் சீனர்கள். இயக்குநர் இந்தியர். நடிகர்கள் மலாய்க்காரர்கள். இந்தியப் படங்களிலிருந்து எடுத்த கதைகள் மலாய்க்கு மாற்றப்பட்டு நடிகர் கைக்கு வரும். பாட்டு எங்கே வர வேண்டும், அழுகை எங்கே வர வேண்டும், சிரிப்பை எங்கே செருக வேண்டும் என்ற கணக்கெல்லாம் இந்திய சினிமாவின் கணக்கு. ஏழு வருடம் ரம்லி அந்தத் தளத்தில் நடிகராக நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அவர் படங்களைப் பார்க்கும் தமிழருக்கு எங்கோ பழகிய வீட்டுக்குள் நுழைவதுபோல இருக்கிறது என்றால் காரணம் இதுதான்.

இயக்குநராக எப்போது ஆனார்?

1955ல், 'பெனாரெக் பெச்சா' படத்தில். ட்ரைஷா, அதாவது மூன்று சக்கர மிதிவண்டி ரிக்ஷா, மிதிப்பவர் என்று பொருள். அந்த வாய்ப்பு லேசில் கிடைத்ததல்ல. அதற்கு முன் 1952ல் ஹாஜி மஹாடி என்ற மலாய் இயக்குநருக்கு ஒரு படம் கொடுத்துப் பார்த்தார்கள், ஓடவில்லை. அப்புறம் இன்னொரு மலாய்க்காரர் கையில் படத்தைக் கொடுக்க ஸ்டுடியோ தயங்கியது. ரம்லியின் படம் நன்றாக ஓடியதும் அந்தத் தயக்கம் உடைந்தது, மற்ற மலாய் இயக்குநர்களுக்கும் வழி பிறந்தது.

கதை நமக்குப் புதிதல்ல. அம்மாவோடு குடிசையில் வாழும் ட்ரைஷாக்காரர் அம்ரான், பணக்காரர் வீட்டுப் பெண் அசீசா, நடுவில் ஒரு போக்கிரி, ஏழையைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் அப்பா. ஆனால் வேலையைக் கவனியுங்கள். ட்ரைஷாவில் மிதிப்பவருக்கும் உட்கார்ந்திருப்பவருக்கும் நடுவே எப்போதும் ஒரு கை தூரம் இருக்கும், இருவர் முகமும் சாலையைப் பார்த்தே இருக்கும். அருகிலேயே இருந்தும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியாது. காதலுக்கும் அந்தஸ்துக்கும் உள்ள சிக்கல் முழுவதையும் அந்த ஒரு வண்டி சுமக்கிறது. முதல் படத்திலேயே இப்படி ஒரு தொழிலைத் தேர்ந்தெடுத்தவருக்குத் திரைக்கதை என்றால் என்னவென்று தெரிந்திருக்கிறது.

அவருக்குக் கிடைத்த முக்கிய விருதுகள்?

1957ல் தோக்கியோவில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் 'அனாக்கு சசாலி'க்காகச் சிறந்த நடிகர் விருது. பணி மஜும்தார் இயக்கிய அந்தப் படத்தில் அப்பா, மகன் இரண்டு வேடமும் அவரே. 1963ல் மீண்டும் தோக்கியோவில், 'இபு மெர்த்துவாகு' படத்துக்காக, மிகுந்த பன்முகத் திறன் கொண்டவர் என்ற சிறப்பு விருது. மலேசியா 1990ல், அவர் இறந்து 17 ஆண்டுகளுக்குப் பிறகு, டான் ஸ்ரீ பட்டம் அளித்தது. உயிரோடு இருந்தபோது கொடுத்திருக்க வேண்டியது.

திரைக்கதையில் அவரிடம் குறிப்பாக எதைப் பார்ப்பது?

மூன்று படங்களைச் சொல்கிறேன்.

முதலாவது 'தீகா அப்துல்', 1964. மூன்று அண்ணன் தம்பிகள், மூவர் பெயரிலும் அப்துல். சாதிக் என்ற பேராசைக்காரர் தன் பெண்களைக் காட்டி அண்ணன்மார் இருவரையும் மாப்பிள்ளையாக்கிக்கொள்கிறார், ஒரு நிபந்தனையோடு. கோபப்படக் கூடாது. கோபப்பட்டால் சொத்து போகும், ஆளை அடிமையாக ஏலம் விடுவார்கள். அவ்வளவுதான் விதி. இதைச் சொன்ன நிமிடத்திலிருந்து சாப்பாட்டு மேசையில் சோறு வராமல் போனால்கூட நமக்குப் படபடப்பு. அண்ணன்கள் இருவரும் மாட்டிக்கொள்கிறார்கள். தம்பி அதே விதி மாமனாருக்கும் பொருந்தும்படி எழுதி வாங்கிக்கொண்டு திருப்பி அடிக்கிறார். வகுப்பில் இதைப் பார்த்த பிறகு, உங்கள் கதையின் விதி என்ன, ஒரே வரியில் சொல்லுங்கள் என்று கேட்பேன். சொல்ல முடியாதவர்கள் வீட்டுக்குப் போய் யோசித்துவிட்டு வருவார்கள்.

இரண்டாவது 'செனிமான் புஜாங் லாப்போக்', 1961. வயது போய்க்கொண்டிருக்கும் மூன்று பிரம்மச்சாரிகள், ரம்லி, எஸ். ஷம்சுதீன், அசீஸ் சத்தார், சினிமாவில் சேர ஸ்டுடியோவுக்குப் போகிறார்கள். போகும் ஸ்டுடியோ நிஜ ஜாலான் அம்பாஸேதான். வேடம் கிடைத்துவிடுகிறது, இனி வசனத்தை மனப்பாடம் செய்ய வேண்டும். ஆனால் குடியிருக்கும் வீட்டில் ஒரு அறையில் ஒருவர் எக்காளம் ஊதுகிறார், ஒருவர் மோட்டார் சைக்கிளைப் பழுது பார்க்கிறார், இன்னொரு பக்கம் புருஷன் பெண்டாட்டி சண்டை. மூவரும் தாளைக் கையில் வைத்துக்கொண்டு வாயசைக்கிறார்கள், ஒரு சொல்லும் காதில் விழவில்லை. வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் மேல்மாடிக்காரர் இரவு பதினொரு மணிக்கு நாற்காலியை இழுக்கும் சத்தத்தைக் கேட்டு வாழ்கிற எல்லோருக்கும் அது புரியும். பெரிய கனவுக்கும் சின்ன அறைக்கும் நடுவே நடக்கும் போராட்டம் அது. செலவென்று பார்த்தால் ஒரு பலகைத் தடுப்பும் சத்தமும்தான்.

மூன்றாவது 1962ல் வந்த 'இபு மெர்த்துவாகு', அதாவது என் மாமியார். இதற்கே தனியாக ஒரு கேள்வி வரும், அதனால் அங்கே சொல்கிறேன்.

'இபு மெர்த்துவாகு'வின் முடிவு மிகையில்லையா?

எல்லா வகுப்பிலும் இது வரும். கதை தெரியாதவர்களுக்காக: காசிம் செலாமாட் சாக்ஸஃபோன் வாசிப்பவர். பணக்கார விதவையின் மகள் சபாரியா அவரை விரும்புகிறாள். பாட்டுக்காரன் என்றாலே அந்த அம்மாவுக்கு ஆகாது. திருமணம் செய்துகொண்டு பினாங்குக்குப் போகிறார்கள், வறுமை. பிரசவத்துக்காக சபாரியா சிங்கப்பூர் திரும்புகிறாள். மகள் இறந்துவிட்டாள் என்று மாமியார் தந்தி கொடுக்கிறார். காசிம் அழுது அழுது பார்வையை இழக்கிறார். இங்கே சபாரியாவை ஒரு கண் மருத்துவருக்குக் கட்டிவைக்கிறார்கள். பல காலம் கழித்து அதே மருத்துவர் காசிமின் கண்ணைக் குணப்படுத்துகிறார். கண் திறந்த காசிம் பார்ப்பது, செத்துப்போனதாகச் சொல்லப்பட்ட தன் மனைவியை, இன்னொருவரின் மனைவியாக. முள்கரண்டிகளால் தன் கண்களைத் தானே குத்திக்கொள்கிறார்.

நான் இதை முதலில் பார்த்தபோது எனக்கு எட்டு வயதிருக்கும். ஹரி ராயாப் பெருநாளுக்குப் பக்கத்து வீட்டு மக்சிக் (மலாய் அத்தையை அப்படித்தான் கூப்பிடுவோம்) எங்களைக் கூப்பிட்டிருந்தார். தட்டில் கெத்துப்பாட், ரெண்டாங். தொலைக்காட்சியில் இந்தப் படம். அம்மாவுக்குச் சந்தையில் பேசுகிற அளவுக்குத்தான் மலாய் தெரியும், கீழே ஓடும் எழுத்தைப் படிக்கத் தெரியாது. தந்தி வரும் காட்சியில் அம்மா கையிலிருந்த தட்டைத் தரையில் வைத்துவிட்டு முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார். மக்சிக் பக்கத்திலிருந்து அம்மாவின் முழங்காலைத் தட்டிக்கொடுத்தார், அவர் கண்ணிலும் தண்ணீர். கடைசிக் காட்சி வந்தபோது மக்சிக் என் கண்ணைத் தன் கையால் மூடிவிட்டார். விரலிடுக்கில் பார்த்தேன். அந்த வீட்டில் யாருக்கும் அது மிகையாகத் தெரியவில்லை.

இப்போது எழுதுபவனாகப் பார்த்தால் வேறொன்றும் தெரிகிறது. படம் முழுக்கக் காசிம் காதால் வாழ்பவர். இசைதான் அவர் பிழைப்பு, குரல்தான் அவர் காதல். கண்ணால் கண்டது அவருக்கு எதையும் கொடுக்கவில்லை, கடைசியில் எல்லாவற்றையும் பறித்தது. ஆகவே அந்தச் செயல் கதையின் உள்ளிருந்தே வருகிறது. பார்வையையும் துரோகத்தையும் ஒரே முடிச்சில் கட்டியதால்தான் அது நிற்கிறது. முடிச்சு இல்லாமல் ரத்தத்தை மட்டும் காட்டியிருந்தால் நானும் மிகை என்றுதான் சொல்லியிருப்பேன்.

கதைகளை எங்கிருந்து எடுத்தார்?

கையில் கிடைத்த எல்லாவற்றிலிருந்தும். 1959ல் வந்த 'நுஜும் பா பெலாலாங்' மலாய் நாட்டுப்புறக் கதை: ஒன்றும் தெரியாத ஒருவர் தற்செயலாக ஜோதிடராகி அரசவையில் மாட்டிக்கொள்வார். சமஸ்கிருதக் கதைத் தொகுப்பான கதாசரித்சாகரத்தில் வரும் ஹரிசர்மன் கதையும் இதே வார்ப்புதான். அதைப் பாட்டும் விடுகதையுமாக மாற்றி நகைச்சுவைப் படமாக்கினார். அலிபாபாவையும் 1961ல் எடுத்தார், அதில் செருப்பு தைப்பவர் சீனர் பேசும் மலாயில் பேசுவார். பாக்தாத் கதையில் சிங்கப்பூர்த் தெரு நுழைந்துவிடும்.

இசை தெரிந்தது இயக்கத்துக்கு உதவியதா?

நிறைய. 'பெனாரெக் பெச்சா'வில் வரும் 'அசீசா' பாட்டு நாயகியின் பெயரையே சொல்லி அழைக்கிறது. 1960ல் வந்த 'அந்தாரா டுவா டார்ஜாட்'டில் இடம்பெற்ற 'கெத்தாரான் ஜீவா'வை இன்றும் இங்கே மலாய்த் திருமணங்களில் பாடுவார்கள். ஜீவா என்ற சொல்லுக்கு நமக்கு அகராதி வேண்டாம். வசனம் சொல்ல முடியாத இடத்தில்தான் அவர் படங்களில் பாட்டு தொடங்கும். நம் படங்களில் பாட்டை எங்கே வைப்பது என்று திணறுகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

உங்களுக்குப் பிடிக்காத ஏதாவது?

உண்டு. பிற இனத்தவரின் உச்சரிப்பை வைத்துச் சிரிப்பு மூட்டுவது அடிக்கடி வருகிறது. ஸ்டுடியோ வாசலில் நிற்கும் வட இந்தியக் காவல்காரர் காட்சிக்கு எல்லோரும் சிரிப்பார்கள், எனக்கு அந்தச் சிரிப்பு முழுதாக வராது. 'மாது தீகா'வில் ஒருவர் மூன்று பெண்களை ஒருவருக்குத் தெரியாமல் ஒருவரைக் கட்டிக்கொள்கிறார். எழுத்தின் சாமர்த்தியம் அபாரம், மூன்று மனைவிகளும் தங்களுக்குள் தோழிகளாகும் இடம் அருமை. ஆனால் அந்த ஆளைப் படம் மன்னிக்கும் வேகத்தில் என்னால் மன்னிக்க முடியவில்லை. இதையும் வகுப்பில் பேசுவோம்.

ஏன் சிங்கப்பூரை விட்டுப் போனார்?

1964ல் கோலாலம்பூரின் மெர்டேக்கா ஸ்டுடியோவுக்கு மாறினார். ஜாலான் அம்பாஸ் ஏற்கெனவே ஆட்டம் கண்டிருந்தது. 1957லேயே சம்பளப் பிரச்சினையில் நடிகர்களும் தொழிலாளர்களும் வேலைநிறுத்தம் செய்திருந்தார்கள். 1963ல் சிங்கப்பூருக்குத் தொலைக்காட்சி வந்தது. இந்தோனேசியாவோடு மோதல் மூண்டதும் அங்கிருந்த பெரிய சந்தை மூடிக்கொண்டது. 1967ல் ஸ்டுடியோவே மூடப்பட்டது.

கோலாலம்பூரில் 18 படங்கள் எடுத்தார். பழைய கூட்டாளிகள் உடனில்லை, வசதிகளும் போதவில்லை. வெளியே இந்திய, ஹாங்காங் வண்ணப் படங்கள் ஓடின. இளைஞர்கள் கிட்டார் இசைக்குழுக்களின் பின்னால் போனார்கள். 1972ல் வந்த 'லக்சமானா டோ ரே மி'தான் கடைசிப் படம். ஒரு கலைஞரின் திறமையில் எவ்வளவு அவருடையது, எவ்வளவு அவரைச் சுற்றியிருந்தவர்களுடையது என்று அந்தப் பத்தாண்டுகளைப் பார்க்கும்போதெல்லாம் யோசிப்பேன். ஒளிப்பதிவாளர், தையற்காரர், எதிரே நின்று நடிக்கும் ஷம்சுதீன், எல்லோரையும் சேர்த்ததுதான் ஜாலான் அம்பாஸ்.

ஜாலான் அம்பாஸை இப்போது பார்க்க முடியுமா?

தெரு இருக்கிறது, எண் 8தான் ஸ்டுடியோவின் முகவரி. தேசிய மரபுடைமைக் கழகத்தின் பாலஸ்டியர் மரபுடைமைப் பாதையில் அந்த இடமும் உண்டு. அம்பாஸ் என்றால் சக்கை. ஜோசப் பாலஸ்டியரின் கரும்புத் தோட்டம் இருந்த வட்டாரம் அது. சின்னத் தெரு, ஐந்து நிமிடத்தில் நடந்துவிடலாம். 20 ஆண்டுகளில் 150க்கும் மேற்பட்ட படங்கள் இங்கிருந்தா புறப்பட்டன என்று வகுப்புப் பிள்ளைகள் நம்ப மாட்டார்கள்.

சிங்கப்பூர்த் தமிழர்களில் இப்படி எழுதி இயக்கியவர்கள் உண்டா?

கே. ராஜகோபாலைச் சொல்வேன். 1990களில் குறும்படங்கள் எடுத்துச் சிங்கப்பூர் அனைத்துலகத் திரைப்பட விழாவில் தொடர்ந்து பரிசு பெற்றவர். மேடையிலும் நடித்தவர். அவருடைய முதல் முழுநீளப் படம் 'எ யெல்லோ பர்ட்' 2016ல் கான் விழாவின் விமர்சகர் வாரத்தில் திரையிடப்பட்டது. சிறையிலிருந்து வெளிவந்த ஒரு தமிழரின் கதை அது. அதற்கு முன் 2008ல் எரிக் கூ தமிழிலேயே எடுத்த 'மை மேஜிக்' கான் போட்டிப் பிரிவுக்குப் போனது. இயக்குநர் சீனர், படத்தின் மொழி தமிழ். ஜாலான் அம்பாஸில் இந்திய இயக்குநர்கள் மலாய்ப் படம் எடுத்ததை நினைத்துக்கொண்டால், இந்த ஊருக்கு இது பழைய பழக்கம்தான்.

எந்தப் படத்தில் தொடங்கலாம்? மலாய் தெரியாதே!

யூடியூப்பில் தேடினால் பல படங்கள் கிடைக்கும். அந்தக் காலத்து மலாய்ப் படங்களைப் பற்றி மேலும் அறிய ஆசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் திரையிடல்களைக் கவனியுங்கள். போட்டி நிறுவனமான கேத்தே-கெரிஸின் மலாய்ப் படங்களைப் பாதுகாப்பவர்கள் அவர்கள்.

சிரிக்க வேண்டுமென்றால் 'செனிமான் புஜாங் லாப்போக்'. எழுதக் கற்க 'தீகா அப்துல்'. 'இபு மெர்த்துவாகு'வைத் தனியாகப் பார்க்காதீர்கள். முடிந்தால் மலாய் தெரிந்த பக்கத்து வீட்டாரைக் கூப்பிட்டு உட்காரவையுங்கள். எந்த வசனத்துக்கு அவர்கள் முன்கூட்டியே சிரிக்கிறார்கள், எதை நடிகரோடு சேர்ந்து சொல்கிறார்கள் என்று பாருங்கள். சாப்பிட ஏதாவது எடுத்துவையுங்கள், படம் இரண்டு மணி நேரத்துக்கு ஓடும்.